கதையின் உறுதி யார் பேரில்?

சென்ற குளிர்காலத்தில் ஒரு சனிக்கிழமை மாலை. மேற்குச் சிட்னியின் பிளாக்டவுனில் எங்கள் தெருவில் இரண்டு வீடு தள்ளி இருக்கும் அக்கா, சுடச்சுட உழுந்து வடையோடும் தன் மகனோடும் வந்தார். வார இறுதித் தமிழ்ப் பள்ளியில் அவனுக்கு ஆனா ஆவன்னா சொல்லிக் கொடுத்தவன் நான். அந்த உரிமையில் வந்திருந்தார்.

“மாஸ்ரர், இவனுக்கு நீங்களாவது சொல்லுங்கோ. மூண்டு வருசம் கம்பியூட்டர் படிச்சுப்போட்டு இப்ப படத்துக்குக் கதை எழுதப் போறானாம்.”

“எழுதுறது மட்டும் இல்லை அம்மா, தயாரிக்கவும் போறன்” என்றான் தம்பி.

“சரி ராசா, அதுக்குச் சம்பளம் ஆர் தருவினம்?”

அவனிடம் பதில் இல்லை. என்னிடமும் இல்லை. தேத்தண்ணி ஆறும்வரை மூவரும் பேசாமல் இருந்தோம். அந்தக் கேள்வி என்னை விடவில்லை. தொலைக்காட்சிக்கும் திரைப்படத்துக்கும் எழுதுவதும் தயாரிப்பதும் ஒரு பிழைப்பாக எப்படி அமைகிறது, அதை நடத்திக் காட்டியவர்கள் எந்த வழியால் போனார்கள், எங்கள் பகுதியிலிருந்து அந்த வழி திறந்திருக்கிறதா என்று அன்றிலிருந்து தேடிப் படித்தும் கேட்டும் வருகிறேன். அக்காவுக்கு அன்று சொல்லாமல் விட்ட பதிலைத்தான் இங்கே நீட்டி எழுதுகிறேன்.

முதலில் ஒரு தெளிவு வேண்டும். திரைக்கதையாசிரியர் என்றால் வசனம் எழுதுகிறவர் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். வசனம் கடைசியில் வருவது. எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி, யாருக்கு எது எப்போது தெரிய வருகிறது, எங்கே கதவு சாத்தப்படுகிறது என்பதையெல்லாம் தீர்மானிப்பதுதான் அவர் வேலை. தயாரிப்பாளர் என்றால் காசு போடுகிற முதலாளி என்ற எண்ணமும் அரைகுறையானதே. அவுஸ்திரேலியாவில் பெரும்பாலான தயாரிப்பாளர்கள் தம் பணத்தைப் போடுவதில்லை. அவர்கள் ஒரு கதையின் உரிமையைப் பெறுகிறார்கள், அதைக் காட்டிப் பல இடங்களில் பணம் திரட்டுகிறார்கள், ஆட்களைச் சேர்க்கிறார்கள், முடிவில் எல்லாவற்றுக்கும் பொறுப்பு நிற்கிறார்கள்.

இந்தத் தொழிலின் அடித்தளம் ஒரு காகிதக் கட்டு. கதை யாரிடமிருந்து யாருக்கு, எந்த ஒப்பந்தத்தால், எத்தனை காலத்துக்குக் கை மாறியது என்பதைத் தொடராகக் காட்டும் ஆவணங்கள் அவை. அவை இல்லாமல் எந்த நிதி நிறுவனமும் ஒரு சதம் கொடுக்காது. யாழ்ப்பாணத்தில் பிறந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. தோம்பு பார்த்து, தாய் உறுதி பார்த்து, நொத்தாரிசிடம் போய்க் காணி வாங்கிய சனம் நாம். படக்கதைக்கும் உறுதி உண்டு. ஒரு தயாரிப்பாளர் எழுத்தாளரிடம் சிறு தொகை கொடுத்து, குறித்த காலம்வரை இந்தக் கதையை வேறு யாருக்கும் கொடுக்காதே என்று கட்டி வைப்பது வழக்கம். அதை அச்சாரம் என்று எண்ணிக்கொள்ளலாம். அச்சாரம் வாங்கியதோடு வந்த மகிழ்ச்சியில் உறுதியையே எழுதிக் கொடுத்துவிட்டவர்கள் எல்லா நாட்டிலும் இருக்கிறார்கள்.

உறுதியைப் பற்றிப் பேசும்போது நாம் குடியிருக்கும் மண்ணைத் தாண்டிப் போக முடியாது. இது தாருக் மக்களின் நிலம். பரமட்டாவில் ஆளுநர் மக்குவாரி தொடங்கிய பூர்வகுடிப் பிள்ளைகளுக்கான பள்ளி 1823இல் இங்கே ரிச்மண்ட் வீதிக்கு மாற்றப்பட்டது. குடும்பங்களிலிருந்து பிள்ளைகளைப் பிரித்து வைத்த அந்தப் பள்ளியை ஒட்டித்தான் ‘பிளாக் டவுன்’ என்ற பெயரே வந்தது. அதே வீதியில் கோல்பி, நரஜிஞ்சி என்ற இரு தாருக் மனிதர்களுக்கு 30 ஏக்கர் நிலம் வழங்கப்பட்டது. அரசு பூர்வகுடியினருக்குக் கொடுத்த முதல் காணி அது. கோல்பி இறந்த பின் அவருடைய சகோதரி மரியா லொக் 1831இல் ஆளுநருக்கு மனுக் கொடுத்தார். காணி அவர் கைக்கு வந்தது 1843இல். பன்னிரண்டு வருடம். பள்ளி இருந்த நிலம் தாருக் மக்களிடம் திரும்பியது 2018இல்தான். இந்த ஊரின் முதல் கதையே ஒரு உறுதிக்காகக் காத்திருந்த பெண்ணின் கதை.

இந்த ஊரின் கதையைத் தன் கையாலேயே மேடைக்கும் திரைக்கும் கொண்டு போன ஒருவரும் பூர்வகுடிப் பெண்தான். நக்கையா லூயி 1991இல் பிறந்து, பிளாக்டவுன் நகரசபைக்கு உட்பட்ட மவுண்ட் ட்ரூயிட்டில் வளர்ந்தவர். கமிலராய் மக்களையும் டொரஸ் நீரிணைத் தீவு மக்களையும் சேர்ந்த குடும்பம். சிட்னி நகரின் செய்தித்தாள்கள் மவுண்ட் ட்ரூயிட்டை எப்படி எழுதின என்பது இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். அந்த ஊரிலேயே நடக்கும் கதையை நாடகமாக எழுதி, 2013இல் பெல்வோயர் அரங்கில் ‘திஸ் ஹெவன்’ என்று மேடையேற்றினார். அப்போது வயது 22க்கு மேல் இல்லை. இரண்டு வருடம் கழித்து ‘கில் த மெசெஞ்சர்’. அரசாங்க வீட்டின் கறையான் அரித்த தளம் உடைந்து விழுந்த தன் பாட்டியின் முடிவை அதில் எழுதினார். எழுதியதோடு நிற்காமல் தானே மேடையில் நின்று சொன்னார்.

இடையில், 2014இல், ஏபிசி தொலைக்காட்சியில் ‘பிளாக் காமெடி’ தொடங்கியது. பூர்வகுடியினரே எழுதி நடித்த அந்த நிகழ்ச்சியில் அவர் எழுத்தாளராகவும் நடிகராகவும் இருந்தார். 2017இல் ‘கிக்கி அண்ட் கிட்டி’ அவரே உருவாக்கி எழுதி நடித்தது. 2021இல் ‘பிரெப்பர்ஸ்’ என்ற தொடரை கேப்ரியல் டவ்ரிக்குடன் சேர்ந்து உருவாக்கினார். இந்த வரிசையைக் கவனியுங்கள். முதலில் அரங்கு. பிறகு பலர் சேர்ந்து எழுதும் நிகழ்ச்சியில் ஒருவர். பிறகு தன் பெயரில் சிறு தொடர். பிறகு பெரிய தொடர். ஒவ்வொரு படியிலும் கதையில் அவருக்குள்ள பிடி இறுகிக்கொண்டே வந்திருக்கிறது. மவுண்ட் ட்ரூயிட்டிலிருந்து ஏபிசிவரை இருக்கும் தூரத்தைத் தொடருந்தில் ஒரு மணி நேரத்தில் கடக்கலாம். முதல் நாடகத்திலிருந்து அந்தப் பெரிய தொடர்வரை வர அவருக்கு எட்டு வருடம் எடுத்தது. அதுவே வேகமான பயணம்.

எழுதுகிறவரே தயாரிப்பவராகவும் ஆவது வெள்ளைக்காரர் ஊரில் வந்த புதுப் பழக்கம் என்று அக்கா நினைத்திருக்கலாம். தமிழில் இது பழைய வழி. காரைக்குடிப் பக்கத்துச் சிறுவயலில் பிறந்த பஞ்சு அருணாசலம், சித்தப்பா கண்ணதாசனுக்கு உதவியாளராக இருந்து பாட்டும் வசனமும் பழகியவர். 1976இல் ‘அன்னக்கிளி’க்குத் திரைக்கதை, வசனம், பாட்டு எழுதினார். அந்தப் படத்தில்தான் இளையராஜா அறிமுகமானார். பிறகு குடும்பத்தின் தயாரிப்பு நிறுவனத்தின் வழியாக ‘ஆறிலிருந்து அறுபது வரை’, ‘கல்யாணராமன்’ இரண்டையும் ஒரே வருடத்தில், 1979இல், கொடுத்தார். ரஜினிகாந்தைச் சண்டையில்லாத, தோற்றுப்போகிற மூத்த அண்ணனாகக் காட்டத் துணிந்த படம் ‘ஆறிலிருந்து அறுபது வரை’. தாள் ஒருவரிடமும் பணப்பெட்டி இன்னொருவரிடமும் இருந்திருந்தால் அந்தத் துணிச்சல் வந்திருக்குமா என்பது எனக்குச் சந்தேகம்தான். 1990இல் அதே நிறுவனம் ‘மைக்கேல் மதன காமராஜன்’ எடுத்தபோது வசனம் கிரேஸி மோகனுடையது. நல்ல எழுத்தை இன்னொருவரிடம் அடையாளம் கண்டு இடம் விடுவதும் எழுத்தாளர் தயாரிப்பாளர் ஆவதில் இருக்கும் ஒரு பயன்.

கே. பாலசந்தர் 1981இல் கவிதாலயா தொடங்கியதும், பின்னர் தூர்தர்ஷனில் ‘ரயில் சிநேகம்’ தொடங்கித் தொலைக்காட்சித் தொடர்களிலேயே பல வருடங்கள் செலவிட்டதும் பலருக்கும் தெரிந்தது. எங்கள் வீடுகளுக்கு நெருக்கமானவர் திருமுருகன். 2002இல் தொடங்கிய ‘மெட்டி ஒலி’யைக் கொப்பியாக வாடகைக்கு எடுக்க வெள்ளிக்கிழமை பின்னேரங்களில் தமிழ்க் கடையில் ஆட்கள் நின்றது எனக்கு நினைவிருக்கிறது. அது வேறு நிறுவனத்தின் தயாரிப்பு. அவர் எழுதி, இயக்கி, நடித்தார். அடுத்தடுத்த வருடங்களில் சொந்தமாகத் திரு பிக்சர்ஸ் நிறுவனத்தைத் தொடங்கி, 2010இல் ‘நாதஸ்வரம்’ கொண்டு வந்தார். படிகள் இங்கும் அதேதான்.

இன்னொரு பெயரைச் சொல்லாமல் என்னால் மேலே போக முடியாது. காவலூர் இராசதுரை. ஊர்காவற்றுறை மண். சிறுகதை எழுதியவர், இலங்கை வானொலியிலும் விளம்பரத் துறையிலும் உழைத்தவர். 1977இல் வெளியான ‘பொன்மணி’யின் கதை வசனம் அவருடையது. அதன் தயாரிப்பு வேலையிலும் தோள் கொடுத்தார். இயக்கியவர் தர்மசேன பத்திராஜ. அப்போது யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கற்பித்துக்கொண்டிருந்த சிங்களக் கலைஞர் அவர். சாதியும் சீதனமும் ஒரு பெண்ணின் வாழ்வை என்ன செய்கின்றன என்பதை, தென்னிந்தியப் படத்தின் சாயல் ஒட்டாமல், எங்கள் வீடுகளின் திண்ணையிலும் கிணற்றடியிலும் வைத்துச் சொன்ன படம். கொட்டகையில் நின்று ஓடவில்லை. காலம் போகப் போகத்தான் அதன் மதிப்புத் தெரிந்தது. காவலூர் இராசதுரை பிற்காலத்தில் சிட்னிக்கு வந்து இங்கேயே வாழ்ந்து 2014இல் இங்கேயே மறைந்தார். ஒரு முழுநீளத் தமிழ்ப் படத்தை எழுதி உருவாக்கியதில் பங்கு கொண்ட மனிதர் எங்கள் மாநகரத்தில் நடமாடிக்கொண்டிருந்தார். நாங்கள் எங்கள் பிள்ளைகளை ஒரு தடவையாவது அவரிடம் கூட்டிக்கொண்டு போய் ‘எப்படி ஐயா செய்தீர்கள்’ என்று கேட்கச் செய்யவில்லை. எங்கள் பள்ளி ஆண்டு விழாக்களுக்கு நடிகர்களை அழைக்க எத்தனை கூட்டம் போட்டோம். இதை நினைக்கும்போதெல்லாம் மனம் கனக்கிறது.

இனி இந்த நாட்டு முறை. 1956 ஆனியில் கொழும்பில் சிங்களம் மட்டும் சட்டம் நிறைவேறியது. அதே வருடம் செப்டெம்பரில் சிட்னியில் தொலைக்காட்சி தொடங்கியது. எங்களை இங்கே தள்ளிக்கொண்டு வந்ததும், இங்கே வந்தபின் எங்களைக் காட்டாமல் விட்டதும் ஏறத்தாழ ஒரே வயதுடையவை. அரசின் திரைத்துறை நிதி நிறுவனமான ஸ்கிரீன் அவுஸ்திரேலியா 2016இல் ஓர் ஆய்வு வெளியிட்டது. 2011 முதல் 2015 வரை ஒளிபரப்பான 199 நாடகத் தொடர்களை எடுத்துப் பார்த்தார்கள். மக்களில் 32 விழுக்காட்டினர் ஆங்கிலோ-கெல்டிக் அல்லாத பின்னணியினர். தொடர்களின் முக்கிய பாத்திரங்களில் அப்படிப்பட்டவர்கள் 18 விழுக்காடு. ஏறத்தாழ 4 லட்சம் பேர் வாழும் பிளாக்டவுன் நகரத்தில் ஒரு பேருந்தில் ஏறி உட்கார்ந்துவிட்டு, வீட்டுக்கு வந்து தொலைக்காட்சியைப் போடுகிறவருக்கு இந்த எண்கள் புதிதாக எதையும் சொல்லா.

நீண்டகாலம் இந்த நாட்டின் எழுத்துப் பட்டறையாக இருந்தவை ‘நெய்பர்ஸ்’, ‘ஹோம் அண்ட் அவே’ போன்ற தினத் தொடர்கள். வாரத்துக்குப் பல அத்தியாயங்கள். ஓர் அறை, சுவர் முழுக்க வெண்பலகை, மேசையைச் சுற்றி ஐந்தாறு பேர். திங்கள் முதல் வெள்ளிவரை நடக்கப் போவதைக் கட்டமிட்டுப் பிரிப்பார்கள். புதிதாக வருகிறவர் முதலில் குறிப்பெடுப்பார். பிறகு கதைச் சுருக்கம் எழுதுவார். பிறகு பிறர் எழுதியதைத் திருத்துவார். ஒருநாள் ஓர் அத்தியாயம் அவர் கைக்கு வரும். அந்த அறையின் தலைமையில் இருப்பவரை இங்கே ஸ்கிரிப்ட் புரடியூசர் என்கிறார்கள். எழுத்தும் தயாரிப்பும் சந்திக்கும் நாற்காலி அதுதான். மிதிலா குப்தா ‘நெய்பர்ஸ்’ எழுத்துப் பிரிவில் பழகி, ‘ஃபைவ் பெட்ரூம்ஸ்’ போன்ற தொடர்களில் எழுதி, 2024இல் எஸ்பிஎஸ் தொலைக்காட்சியில் ‘ஃபோர் இயர்ஸ் லேட்டர்’ என்ற தொடரை உருவாக்கினார். ஓர் இந்தியத் தம்பதியின் பிரிவும் சேர்தலும் அதன் கதை. அவுஸ்திரேலியத் தொடரின் நடு மையத்தில் இரு இந்தியர்கள் நின்றது அதற்கு முன் நான் காணாதது.

இன்னும் மேலே பார்த்தால் டோனி அயர்ஸ். மக்காவில் பிறந்து சிறுவயதில் இங்கே வந்தவர். தன் தாயின் வாழ்க்கையை 2007இல் ‘த ஹோம் சோங் ஸ்டோரிஸ்’ என்று தானே எழுதி இயக்கினார். மறு வருடமே நான்கு தயாரிப்பாளர்களோடு சேர்ந்து மேட்ச்பொக்ஸ் பிக்சர்ஸைத் தொடங்கினார். 2011இல் ‘த ஸ்லாப்’ அங்கிருந்து வந்தது. 2020இல் குடிவரவுத் தடுப்பு முகாமைக் களமாகக் கொண்ட ‘ஸ்டேட்லெஸ்’ தொடரை உருவாக்கியவர்களில் அவரும் ஒருவர். ஆண்ட்ரூ நைட் இன்னொரு வழி. 1989இல் ‘ஃபாஸ்ட் ஃபோர்வர்ட்’ நகைச்சுவை நிகழ்ச்சி, 1998இல் டெப் கொக்ஸுடன் ‘சீசேஞ்ச்’, பின் ‘ஹக்ஸோ ரிட்ஜ்’ படத்தின் எழுத்தில் பங்கு. அப்படிப்பட்டவர், ஈராக்கியக் குடும்பப் பின்னணி கொண்ட ஒசாமா சாமியோடு உட்கார்ந்து, அவருடைய சொந்தக் கதையான, 2017இல் வெளிவந்த ‘அலீஸ் வெடிங்’கைச் சேர்ந்து எழுதினார். தொழில் தெரிந்த மூத்தவர் கதை தெரிந்த இளையவரின் பக்கத்தில் உட்காரும் இந்த ஏற்பாடுதான் நம் பிள்ளைகளுக்கு மிகவும் தேவை என்று நான் நம்புகிறேன்.

தமிழர்களில் இந்த வழியில் வெகுதூரம் போனவர் எஸ். ஷக்திதரன். அவருடைய முதன்மைக் களம் அரங்கு. என்றாலும் மேற்குச் சிட்னியில் எழுத்தும் தயாரிப்பும் ஒரே கையில் எப்படிச் சேர்கின்றன என்பதற்கு அவரைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை. தாய் ஆனந்தவல்லி, லிங்காலயம் நடனக் குழுவின் நிறுவனர். தாயின் பாட்டனார் சி. சுந்தரலிங்கம்: கணிதப் பேராசிரியர், 1947இல் அமைந்த இலங்கையின் முதல் அமைச்சரவையில் வர்த்தக அமைச்சர், பின்னாளில் தமிழருக்குத் தனி நாடு கேட்டவர். வீட்டில் பேசப்படாத இலங்கையைத் தேடத் தொடங்கிய ஷக்திதரன், தேடியதை எழுதப் பத்து வருடம் எடுத்துக்கொண்டார். எழுதிவிட்டு யாராவது அழைப்பார்கள் என்று காத்திருக்கவும் இல்லை. அதற்கு முன்பே கியூரியஸ்வர்க்ஸ் என்ற அமைப்பைத் தொடங்கி, மேற்குச் சிட்னி இளையவர்கள் கையில் கமராவைக் கொடுத்துப் படம் எடுக்கப் பழக்கிக்கொண்டிருந்தார்.

பத்து வருடம் எழுதிய அந்த நாடகம், ‘கவுண்டிங் அண்ட் கிராக்கிங்’, 2019 தைமாதம் சிட்னி நகர மண்டபத்தில் மேடையேறியது. பெல்வோயர் அரங்கின் ஈமன் ஃபிளாக் இயக்கம். மண்டபத்தின் நடுவே புது அரங்கையே கட்டினார்கள். பதினாறு நடிகர்கள், ஐம்பது பாத்திரங்கள், 1956 முதல் 2004 வரை நான்கு தலைமுறை, மூன்றரை மணி நேரம். கதைநாயகி ராதா குடியிருப்பது பெண்டில் ஹில்லில். எங்கள் நிலையத்திலிருந்து மூன்றாவது தரிப்பு.

ஒன்றை மட்டும் கிட்ட நின்று சொல்கிறேன். மேடையில் ஒருவர் தமிழில் பேசுவார். ஓரத்தில் நிற்கும் இன்னொரு நடிகர் அதே மூச்சில் ஆங்கிலத்தில் சொல்வார். திரையில் எழுத்து ஓடவில்லை. மனிதர் மனிதருக்கு மொழிபெயர்த்தார். வைத்தியசாலையில், குடிவரவு அலுவலகத்தில், பள்ளி ஆசிரியர் சந்திப்பில், பத்து வயதில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்று மொழிபெயர்த்த பிள்ளைகள்தான் எங்கள் வீடுகளில் வளர்ந்தவர்கள். அந்த அனுபவமே நாடகத்தின் இலக்கணமாகியிருந்தது. இதற்குப் பல நாடுகளிலிருந்து நடிகர்களை அழைக்க வேண்டும், ஆங்கிலம் மட்டும் தெரிந்த பார்வையாளர் பொறுத்திருப்பார்கள் என்று நம்ப வேண்டும். எழுதியவர் தயாரிப்பு மேசையில் இல்லாதிருந்தால் முதல் செலவுக் கூட்டத்திலேயே வெட்டப்பட்டிருக்கும் என்றே நினைக்கிறேன்.

2019இன் ஹெல்ப்மன் அரங்க விருதுகளில் ஏழு அந்த நாடகத்துக்கு. 2020இல் விக்டோரியா இலக்கியப் பரிசு, ஒரு லட்சம் டொலர். 2022இல் எடின்பரோ, 2024இல் நியூயோர்க். அவருடைய அடுத்த நாடகம் ‘த ஜங்கிள் அண்ட் த சீ’. இவற்றையெல்லாம் நான் அக்காவுக்குச் சொன்னபோது அவர் கவனித்தது ஒரு லட்சத்தை அல்ல. “பத்து வருசமா எழுதினவர்? அதுவரைக்கும் எப்பிடிச் சாப்பிட்டவர்?” சரியான கேள்வி.

அதே மரத்தின் இன்னொரு கிளை ‘ஹியர் அவுட் வெஸ்ட்’. கியூரியஸ்வர்க்ஸின் சகோதர நிறுவனமான கோ-கியூரியஸ், எமரல்ட் நிறுவனத்தோடு சேர்ந்து தயாரித்த முழுநீளப் படம். மேற்குச் சிட்னியைச் சேர்ந்த எட்டு எழுத்தாளர்கள் எட்டுக் கதை எழுத, அவை ஒரே நாளில் ஒன்றையொன்று தொட்டுப் போகும். தன் பேரக் குழந்தையை வைத்தியசாலையிலிருந்து தூக்கிக்கொண்டு ஓடும் ஒரு பாட்டியிலிருந்து தொடங்குகிறது. ஐந்து பெண் இயக்குநர்கள். 2021 சிட்னி திரைப்பட விழாவின் தொடக்கப் படம் அதுதான். எட்டு எழுத்தாளர்களில் பலருக்கு முழுநீளப் படத்தில் அதுவே முதல் பெயர். அங்கிருந்து ஒவ்வொருவரும் தம் வழியில் நடக்கத் தொடங்கினார்கள். படத்தில் ஒன்பது மொழிகள் கேட்கும். வங்காளம், அரபு, குர்திஷ், வியட்நாமியம், தகலொக் எல்லாம் உண்டு. தமிழ் இல்லை. ஒரு தமிழர் போட்ட விதையிலிருந்து வந்த மரத்திலேயே தமிழுக்கு ஒரு கிளை வரவில்லை. நான் யாரையும் குறை சொல்லவில்லை. அந்த எட்டு நாற்காலிகளுக்கு அருகே போக எங்கள் வீடுகளிலிருந்து எத்தனை பிள்ளைகளை நாங்கள் விட்டோம் என்பதே என் கேள்வி.

இப்போது காசு. எழுத்தாளருக்கு மாதச் சம்பளம் கிடையாது. கதைச் சுருக்கத்துக்கு ஒரு தொகை, முதல் வரைவுக்கு ஒரு தொகை, அடுத்த வரைவுக்கு ஒன்று என்று கட்டம் கட்டமாக வரும். 1962இல் தொடங்கிய அவுஸ்திரேலிய எழுத்தாளர் சங்கம் இதற்கு அடிப்படை ஒப்பந்தங்களை வகுத்து வைத்திருக்கிறது. கையெழுத்துப் போடுமுன் அவற்றைப் படித்தாக வேண்டும். தயாரிப்பாளருக்கு வருவது இன்னும் பிந்தித்தான். இந்த நாட்டில் தகுதியுள்ள அவுஸ்திரேலியச் செலவில் திரைப்படத்துக்கு 40 விழுக்காடும், 2021 ஆடி முதல் தொலைக்காட்சிக்கு 30 விழுக்காடும் வரி வழியாகத் திரும்பக் கிடைக்கும். மிகப் பெரிய உதவி. ஆனால் அது படம் முடிந்து கணக்குக் காட்டியபின் தயாரிப்பு நிறுவனத்துக்குத்தான் போகும். அதுவரை அந்தத் தொகையைக் காட்டிக் கடன் வாங்கிப் படத்தை ஓட்ட வேண்டும். எழுத்தாளர் அந்த நிறுவனத்துக்கு வெளியே நின்றால், கட்டத் தொகையோடு அவர் கணக்கு முடிந்துவிடும். உள்ளே நின்றால் ஆபத்தும் அவருடையது, உறுதியும் அவருடையது.

எங்கள் பிள்ளைகள் உடனே சொல்லும் பெயர் மிண்டி கேலிங். சென்னையில் வளர்ந்த சொக்கலிங்கம் என்ற கட்டடக் கலைஞரின் மகள். 24 வயதில் ‘த ஒபிஸ்’ எழுத்து அறைக்குள் ஒரே பெண்ணாகப் போனவர், அங்கேயே எழுத்திலிருந்து தயாரிப்புக்கு ஏறி, 2020இல் ‘நெவர் ஹேவ் ஐ எவர்’ தொடரைக் கூட்டாக உருவாக்கினார். தமிழ்ப் பெண் தேவியாக நடித்த கனடாத் தமிழ்ப் பிள்ளை மைத்ரேயி, 15,000 பேரிலிருந்து தெரிவானவர். பெருமைதான். ஆனால் அமெரிக்க அறை பெரியது, அங்கே ஒரு வேலையே பல வருடம் ஓடும். அங்கேகூட 2023இல் எழுத்தாளர்கள் 148 நாள் வேலை நிறுத்தம் செய்ய வேண்டியிருந்தது. அறைகள் சுருங்கிவிட்டன, மறு ஒளிபரப்பின் பங்கு வரவில்லை என்பதே குறை. பிளாக்டவுன் பிள்ளைக்கு அந்த வழியைக் காட்டிலும் லூயியும் ஷக்திதரனும் நடந்த வழிதான் கிட்ட இருக்கிறது: அரங்கு, சமூகக் கலை, குறும்படம், சேர்ந்து எழுதும் அறை, பிறகு சொந்தப் பெயர். ஃபிளஷ்கொம் வீதியில் பழைய தேவாலயக் கட்டடத்தில் இருக்கும் எங்கள் கலை நிலையத்துக்குள் நம் ஆட்களில் எத்தனை பேர் போயிருப்பார்கள்? வெஸ்ட்பொயின்ற் கொட்டகைக்குத் தமிழ்ப் படம் பார்க்கப் போகும் வழியில்தான் அது இருக்கிறது.

என் முடிவை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். ஓர் அரங்கேற்றத்துக்கு நாங்கள் கணக்குப் பாராமல் செலவழிக்கிறோம். அது வீண் இல்லை. பத்து வருடப் பயிற்சியைப் பெற்றோர் பொறுமையோடு தாங்குகிறார்கள், குருவுக்கு உரிய மரியாதை கொடுக்கிறார்கள், ஊரே வந்து பார்க்கிறது. ஆனந்தவல்லி போன்றவர்கள் அந்தப் பொறுமையால்தான் ஒரு கலையை இங்கே ஊன்றினார்கள். எழுத்துக்கும் அதே பத்து வருடமும், அதே குருவும், அதே பார்வையாளரும் வேண்டும். ஒரு பிள்ளை ஒரு வருடம் வேலையைக் குறைத்துக்கொண்டு ஒரு திரைக்கதையை முடிக்க ஒரு சங்கம் கைகொடுத்தால் போதும். உறுதி அந்தப் பிள்ளையின் பேரிலேயே இருக்க வேண்டும் என்பது ஒன்றே நிபந்தனை.

சென்ற மாதம் தம்பி தன் முதல் வரைவோடு வந்தான். அக்காவும் வந்தார். ஒரு பக்கம் ஏறத்தாழ ஒரு நிமிடம் என்பது இந்தத் தொழிலின் கணக்கு. அவன் கொண்டு வந்தது 28 பக்கம். முதல் காட்சி: வெளியே, காங்கேசன்துறைக் கடற்கரை, மழை, இரவு, 1983. எழுத்தாளனாக வாசித்தால் அழகான காட்சி. தயாரிப்பாளனாக வாசித்தால் விமானச் செலவு, செயற்கை மழை, இரவு வேலைக்கான மேலதிகக் கூலி, அந்தக் கால வாகனங்கள். அவனுக்கே அது தெரிந்திருந்தது. இரண்டாவது தாளை எடுத்து வைத்தான். உள்ளே, பிளாக்டவுன் வீட்டுச் சமையலறை, இரவு. அம்மம்மா வானொலியில் மழைச் செய்தி கேட்கிறா. வெளியே ஒரு கார்க்கதவு சாத்தப்படுகிறது. கிழவி விளக்கை அணைக்கிறா. அவ்வளவுதான். கடற்கரை போய்விட்டது. பயம் அப்படியே வந்து சமையலறையில் உட்கார்ந்துவிட்டது. செலவு பார்க்கத் தெரிந்த கையால்தான் அந்தக் காட்சி வந்தது.

அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மெதுவாக வாசித்தார். ஆங்கிலம் அவருக்குக் கொஞ்சம் நேரம் எடுக்கும். வாசித்து முடித்து, தாளை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார்.

“இது எங்கட அம்மா எல்லே.”

“ஓம் அம்மா.”

“லைற்றை நூத்ததை நான் உனக்கு எப்ப சொன்னனான்?”

“சின்னனில. ஒருக்கா.”

அக்கா தாளைத் திருப்பி முதல் பக்கத்தைப் பார்த்தார். அங்கே தலைப்புக்குக் கீழே அவன் பெயர் மட்டும் இருந்தது.

“மாஸ்ரர், நீங்கள் உறுதி உறுதி எண்டு சொன்னியள். அம்மாவின்ர கதையெண்டா அதை ஆரின்ர பேரில பதியுறது?”

தம்பி என்னைப் பார்த்தான். பிறகு தாயின் மடியிலிருந்த தாளைப் பார்த்தான். மேசையிலிருந்த பேனையை எடுத்துத் தாயிடம் நீட்டினான்.